தண்ணி டேங்க் ராஜாளி

நெய்வேலி
தை மாதம், வெள்ளிக்கிழமை

அன்பு மகள் எழில்மதிக்கு அம்மா எழுதுவது. நானும் அப்பாவும் இங்கே உடம்புக்கு ஒரு குறையும் இல்லாமல் இருக்கிறோம், நீயும் அந்த அயர்லாந்துக் குளிரில் சளி இருமல் அண்டாமல், ராத்திரி டியூட்டி பார்த்தாலும் வேளைக்குச் சாப்பிட்டுக்கொண்டு சுகமாக இருக்க வேண்டும். பொங்கலுக்கு நீ அனுப்பிய பணத்தில் என் தையல் மிஷினுக்குப் புது மோட்டார் போட்டேன், சத்தமே இல்லாமல் ஓடுகிறது. ஞாயிற்றுக்கிழமை போனில் நீ அப்பாவிடம், உங்க ராஜா எப்படி இருக்கார், இன்னும் டேங்க் மேலதான் குடியிருக்காரா என்று கேட்டாய். அப்பா பதில் சொல்லாமல் போனை என் கையில் கொடுத்துவிட்டுப் போய்விட்டார், நீயும் லைன் சரியில்லை என்று நினைத்துக்கொண்டாய். லைன் நன்றாகத்தான் இருந்தது. நம் குவார்ட்டர்ஸில் ஒரு மூலையில் பேசினால் மறு மூலைக்குக் கேட்கும், அதனால்தான் எழுதுகிறேன். இன்றைக்கு அவருக்கு இரண்டாம் ஷிப்ட். அவர் ராத்திரி வருவதற்குள் அவசரமாக எழுதுகிறேன், எழுத்து கோணலாக இருந்தால் பொறுத்துக்கொள்.

வருஷா வருஷம் ஐப்பசி மழைக்கு அந்த ராஜாளி நம் பிளாக் தண்ணி டேங்கில் வந்து உட்காருவதும், பங்குனி வெயில் ஏறினால் போய்விடுவதும் உனக்குத் தெரியும். அப்பா ஷிப்ட் முடிந்து வந்ததும் டீயை எடுத்துக்கொண்டு மாடிக்குப் போய்விடுவார். இந்த வருஷமும் முதல் நாளே பார்த்துவிட்டு, வந்துட்டான்டி என்று கீழே கத்தினார். கூட்டமாய்ப் பறக்கிற புறாக்களுக்கு மேலே அது போவதே தெரியாது, இறக்கையை மடக்கிக்கொண்டு கல் விழுகிற மாதிரி விழும், அடுத்த நிமிஷம் ஒரு புறா அதன் காலில் தொங்கும். நான் ஐயோ பாவம் என்பேன், அப்பா, அதுவும் பசிக்குத்தானே திங்குது என்பார். மார்கழி பிறந்த சமயம் பிரவீன்குமார் என்று ஒரு பையன் கேமராவும் கழுத்துமாக நம் பிளாக்குக்கு வந்தான். பறவைகளைப் படம் எடுக்கிறேன், ராஜாளி இங்கே வருமாமே சார் என்று கேட்டான். இத்தனை வருஷமாக அப்பா பேச்சை நம் இரண்டு பேரைத் தவிர யார் காது கொடுத்துக் கேட்டிருக்கிறார்கள்? மனுஷனுக்குத் தலைகால் புரியவில்லை. அவனை மாடிக்குக் கூட்டிப்போய், காலையில் எந்தப் பக்கம் பறக்கும், அனல்மின் நிலையத்துச் சாம்பல் ஏரிப் பக்கம் எப்போது போகும், ராத்திரி டேங்கின் எந்த விளிம்பில் தூங்கும் எல்லாம் சொன்னார். ரொம்ப மரியாதையான பிள்ளை, எழிலு. என்னை அம்மா என்றுதான் கூப்பிடுவான், நம் வீட்டில் சாப்பிட்ட தட்டை அவனே கழுவி வைப்பான்.

ஒரு நாள் காலையில் வந்து வாசலிலேயே நின்றான். "அம்மா, மெல்லிசா ஒரு ஊசியும் கொஞ்சம் வெள்ளை நூலும் குடுங்கம்மா, சட்டைப் பொத்தான் அறுந்துபோச்சு" என்றான். சட்டையைக் கொண்டா, நானே தைத்துத் தருகிறேன் என்றேன். "வேணாம்மா, நானே பழகிக்கிறேன்" என்று சிரித்தான். சிவப்பு ரவிக்கைத் துண்டு ஒன்றில் ஊசியைக் குத்தி, நூலைச் சுற்றிக் கொடுத்தேன். அன்று சாயங்காலம் டேங்கில் ராஜாளி இல்லை. மறுநாளும் இல்லை. அப்பா சைக்கிளை எடுத்துக்கொண்டு டவர் டவராகப் பார்த்தார், கரண்ட் கம்பியில் அடிபட்டுவிட்டதோ என்று புதரெல்லாம் விலக்கித் தேடினார். அந்தப் பையனும் கூடவே வந்து தேடினான். தேடிவிட்டு நம் வீட்டுக்கு வந்து அப்பாவுக்குச் சமமாக உட்கார்ந்து, எங்கே போயிருக்கும் சார், மனசே சரியில்லை என்று சொல்லி, நான் போட்ட டீயைக் குடித்தான்.

நாலைந்து நாள் கழித்துக் கடைத்தெருவுக்குப் பின்னால் இருக்கிற ஜான் பீவி வீட்டுக்கு, அவள் மகள் கல்யாணத் துணிக்கு அளவெடுக்கப் போனேன். அவர்கள் வீட்டு மொட்டைமாடி அறையில்தான் அவன் வாடகைக்கு இருந்தான். ஜான் பீவி சொன்னாள்: "அந்தத் தம்பி தெனம் கறி வாங்கியாந்துகினு மேல போவுதுக்கா, அடுப்பு பத்தவச்ச வாசனையே இல்ல. பச்சக் கறி நாத்தம் கீழ வரைக்கும் அடிக்குது. கல்யாண வூட்டுக்கு நாலு பேரு வந்து போவாங்க, நான் என்னான்னு சொல்றது?" அவன் வெளியே போயிருந்தான். நீயும் வாக்கா என்று மாற்றுச்சாவியை எடுத்துக்கொண்டு என்னையும் மேலே இழுத்துப் போனாள். அறை முழுக்க இருட்டு, ஜன்னலுக்கெல்லாம் அட்டை அடைத்திருந்தது. மூலையில் ஒரு மூங்கில் கூடை, மேலே ஈரத்துணி. ஜான் பீவி துணியை எடுத்தாள். எடுத்தவள் யா அல்லா என்று சுவரோடு சாய்ந்துவிட்டாள். நம் ராஜாளி, எழிலு. துணிப்பையில் கழுத்து வரை திணித்து, அசைய முடியாமல் கட்டி வைத்திருந்தது. முகம் மட்டும் வெளியே. அந்த முகத்தில் கண் இல்லை என்று நினைத்துவிட்டேன். குனிந்து பார்த்தால், கண்ணைத் தைத்திருந்தான். கீழ் இமை இரண்டிலும் நூலைக் கோத்து, மேலே இழுத்து, உச்சந்தலையில் முடிச்சுப் போட்டிருந்தான். ஜன்னல் கட்டையில் என் சிவப்பு ரவிக்கைத் துண்டு, ஊசியோடு. எத்தனை வருஷமாகத் தைக்கிறேன், ஒரு தையலைப் பார்த்து நான் வாந்தி எடுத்தது அன்றைக்குத்தான்.

ஜான் பீவிதான் வனத்துறைக்குப் போன் போட்டாள், நான் அப்பாவைக் கூப்பிட்டேன். அவர் சுரங்கத்து யூனிபார்மோடு அப்படியே வந்தார். கூடையைப் பார்த்தவர் தொப்பென்று தரையில் உட்கார்ந்துவிட்டார். அந்த நேரம் பார்த்து அந்தப் பையன் படியேறி வந்தான். ஓடப் பார்ப்பான் என்று நினைத்தேன், ஓடவில்லை. அப்பா அவனை அடிக்கவும் இல்லை. "ரெண்டு பேரும் ஒண்ணாத்தானேடா தேடிக்கினு இருந்தோம்" என்று மட்டும் கேட்டார். அவன் வழக்கம்போல மரியாதையாகவே பதில் சொன்னான்: "சாகடிக்கலையே சார், உயிரோடதான் வச்சிருக்கேன். கண்ணைத் தச்சுட்டா அதுக்குப் பயம் இருக்காது, நல்லதுதான் சார்." வனத்துறையில் சத்யா என்று ஒரு ரேஞ்சர் பெண், உன் வயசுதான் இருக்கும், ஆட்களோடு வந்து அவனைப் பிடித்துக்கொண்டது. இது பொரி வல்லூறு, பனி நாட்டில் குஞ்சு பொரித்துக் கடல் மலையெல்லாம் தாண்டி நம்மூருக்குப் பனிக்காலத்துக்கு வருகிறது, பிடித்தாலே ஜெயில், வேட்டைக்குப் பழக்கி வளர்க்கிற வெளிநாட்டுக்காரர்களுக்குத் தரகர்கள் கடத்துகிறார்கள் என்று அந்தப் பெண் சொன்னது. பெட்டைதான் பெரிசு, அதைத்தான் தேடிப் பிடிப்பார்களாம். நம் ராஜாவும் பெட்டைதான்.

கூட வந்த மாட்டு டாக்டர் பையைத் திறந்து பார்த்துவிட்டு, "எங்கிட்ட இருக்கிறது எல்லாம் மாட்டுக் கத்தரிங்க, இந்த இமைக்கு ஆவாது" என்றார். என் அளவுப் பையில் நூல் கத்தரி இருந்தது. டாக்டர் அதை வாங்கிக் கழுவிப் பார்த்தார், அவர் விரல் அதற்குள் நுழையவில்லை. நான் வெட்டுகிறேன் என்று என் வாய்தான் சொன்னது. அப்பா துண்டால் சுற்றி உடம்பைப் பிடித்துக்கொண்டார், டாக்டர் தலையைப் பிடித்து இடுக்கியால் நூலைத் தூக்கிக் கொடுத்தார். துண்டுக்கு மேலேயே அதன் நெஞ்சு அடிப்பது தெரிந்தது. முடிச்சை வெட்டினேன், பிறகு ஒரு பக்கம், பிறகு மறு பக்கம். நூலை உருவியதும் ஒரு துளி ரத்தம் வந்தது, இமை இறங்கியது, கண் திறந்தது. கன்னங்கரேல் என்று அவ்வளவு பெரிய கண், எழிலு. என்னைத்தான் முதலில் பார்த்தது. அப்பா சட்டென்று முகத்தைத் திருப்பிக்கொண்டார். "என்னைப் பாக்க வேணாம்" என்றார்.

இமைப்புண் ஆறுகிற வரை அந்த ரேஞ்சர் பெண் வைத்துப் பார்த்து, போன வாரம் சேத்தியாத்தோப்புப் பக்கம் வயல்வெளியில் கொண்டுபோய் விட்டது. எங்களைக் கூப்பிட்டார்கள், அப்பா வரமாட்டேன் என்றுவிட்டார், நான் மட்டும் போனேன். கூடையைத் திறந்ததும் கொஞ்ச நேரம் வரப்பிலேயே நின்றது, பிறகு எழும்பி, ஒரு சுற்றுக்கூடச் சுற்றாமல் நேராகப் போய்விட்டது. வந்து சொன்னேன், ம் என்றார். அவர் சரியாகச் சாப்பிடுவதில்லை. வாய வச்சுக்கினு சும்மா இருந்திருந்தா என்று ஒரு தடவை சொன்னார், முடிக்கவில்லை. ஊசி கொடுத்தவள் நான், என்ன ஆறுதல் சொல்ல முடியும்? அந்தப் பையன் நம் தட்டில் சாப்பிட்டுவிட்டுப் போய், ராத்திரி கறித்துண்டோடு அந்தக் கூடை முன்னால் உட்கார்ந்திருப்பான் இல்லையா, அதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு உடம்பு தூக்கிப் போடுகிறது. அவன் முகத்தில் ஒன்றுமே தெரியவில்லையே.

நேற்றுக் காலையில் நடந்ததைச் சொல்லி முடிக்கிறேன். பால் வாங்கிக்கொண்டு நானும் அப்பாவும் டேங்க் பக்கமாக வந்தோம். காலேஜ் படிக்கிற மாதிரி இரண்டு பிள்ளைகள் பைனாகுலரோடு நின்றார்கள். நல்ல பிள்ளைகளாகத்தான் இருக்கும். "அங்கிள், இங்க ராஜாளி ஒண்ணு வருமாமே?" என்று கேட்டார்கள். அப்பா நின்றார். "ராஜாளியா? நான் இந்த பிளாக்ல ரொம்ப வருஷமா இருக்கேன், அப்படி ஒண்ணும் இங்க இல்லீங்களே. பருந்தைப் பாத்துட்டு யாரோ சொல்லியிருப்பாங்க" என்று அவர்களைச் சாம்பல் ஏரிப் பக்கம் அனுப்பிவிட்டார். அப்பா பொய் சொல்லி நான் கேட்டதே இல்லை. பாவம், போனதை நினைத்துப் பேசுகிறார் என்று எண்ணிக்கொண்டு, அந்தப் பிள்ளைகள் தெரு திரும்பிய பிறகு சும்மா மேலே பார்க்கப் போனேன். அப்பா என் கையை அழுத்திப் பிடித்தார். "மேல பாக்காத, நாலு நாளா இருக்கு" என்றார். தரையைப் பார்த்தபடியே இரண்டு பேரும் வீட்டுக்கு வந்தோம்.

மகளே, ஆண்டவன் உன்னை ஒரு தீய கண்ணும் படாமல் காக்கட்டும், நீ தொட்டுப் பார்க்கிற நோயாளிகள் எல்லாம் எழுந்து நடக்கட்டும். காதைக் கட்டிக்கொள்ளாமல் வெளியே போகாதே. அடுத்த ஞாயிறு பேசும்போது அப்பாவிடம் வேலையைப் பற்றி, சாப்பாட்டைப் பற்றி, எதைப் பற்றி வேண்டுமானாலும் நிறையப் பேசு. அதைப் பற்றி மட்டும் கேட்காதே. அங்கே இருக்கிற சிநேகிதர்களிடம்கூட எங்கள் ஊர் டேங்கில் இன்னது உட்காரும் என்று வாய்தவறிச் சொல்லிவிடாதே.

உன் அம்மா,
செவ்வந்தி