இணைப்பு 1

12 நவம்பர், செவ்வாய். இரவு.

எங்கள் ரெட்டியார்பாளையம் குடியிருப்பின் செயலாளர் என்ற முறையில் இன்று விதிப்படியே நடந்துகொண்டேன். ஆனாலும் தூக்கம் வரவில்லை.

இரண்டாம் மாடியில் தனியாக வசிக்கும் செவிலியர் ஸ்டெல்லாவின் அந்தரங்கக் காணொளியை, முன்பு அவருக்கு நிச்சயிக்கப்பட்டிருந்தவன் கசியவிட்டிருக்கிறான். காலையில் முதல் மாடிக்காரர் அதை எங்கள் வாட்ஸ்அப் குழுவில் போட்டார். காணொளியையும் அவரையும் உடனே நீக்கினேன். பிறகு நிர்வாகக் குழுவினர் ஐவருக்கும் அவர்மீது மின்னஞ்சலில் புகார் அனுப்பினேன். ஆதாரமில்லாத புகார் நிற்காது என்பதால், நீக்குமுன் சேமித்து வைத்திருந்த காணொளியையும் 'இணைப்பு 1' என்று சேர்த்தேன்.

மாலையில், புகார் அனுப்பிய விவரத்தை நான் தெரிவித்ததும் ஸ்டெல்லா வந்தார். உட்காரச் சொல்லியும் உட்காரவில்லை.

"குரூப்ல நாலு நிமிஷந்தான் இருந்துச்சு சார். இப்ப அஞ்சு பேர் மெயில்ல பத்திரமா இருக்கு. நீங்களும் பாத்தீங்களா?"

"நீங்கள்தானா என்று உறுதிசெய்ய வேண்டியிருந்தது."

"என்னைக் கேட்டிருந்தா நான்தான்னு சொல்லியிருப்பேனே சார்."

என்னிடமிருந்ததை அவர் முன்னிலையிலேயே அழித்தேன். ஐவரையும் தொலைபேசியில் அழைத்து அழிக்கச் சொன்னேன். "நான் பாக்கவே இல்ல சார்" என்று ஐவருமே சொன்னார்கள். நான் கேட்காத கேள்விக்கு ஐவரும் ஒரே பதிலைச் சொன்னது விநோதம்.

குழாய் பழுதுபார்க்க அவர் வீட்டுக்குள் ஆள் அனுப்புவதற்கே எழுத்துப்பூர்வச் சம்மதம் வாங்கியவன் நான். இதற்கு மட்டும் கேட்க ஏன் தோன்றவில்லை? வெட்கம் என்றால், பார்க்கும்போது அது எங்கே போயிற்று?

நாளை ஐந்து வீடுகளுக்கும் நேரில் போய்ச் சரிபார்க்க வேண்டும். அதற்கு முன் இரண்டாம் மாடிக்குச் சென்று, போகலாமா என்று அவரைக் கேட்க வேண்டும்.