ஜனாஸாவில் கேட்ட மன்னிப்பு

இர்விங், டெக்ஸாஸ்
வெள்ளிக்கிழமை, லுஹருக்குப் பிறகு

அன்பு மகன் முஸ்அபுக்கு உம்மா எழுதுவது. அஸ்ஸலாமு அலைக்கும். அல்லாஹ் வைத்தபடி இங்கே நானும் வாப்பாவும் உன் மச்சி மெஹர் நிஷாவும் பிள்ளை ஆஸிபாவும் உடம்புக்குக் குறையில்லாமல் இருக்கிறோம், வெஸ்ட் வின்ட்சரில் நீயும் அப்படியே இருக்க வேண்டும் என்று ஒவ்வொரு தொழுகையிலும் கேட்டுக்கொண்டிருக்கிறேன். கையில் போன் இருக்க உம்மா ஏன் தபாலில் எழுதுகிறாள் என்று நினைப்பாய். நம் வக்கீல் ஆபீஸிலிருந்து வருகிற யாமினி, கோயம்புத்தூர்ப் பொண்ணு, கேஸ் விஷயமாக யாரும் வாட்ஸ்அப்பில் எழுத வேண்டாம், எதிர்த்தரப்பு கேட்டால் எல்லாவற்றையும் எடுத்துக் கொடுக்க வேண்டியிருக்கும் என்று சொல்லிவிட்டுப் போயிருக்கிறாள். கடுதாசியைப் பற்றி அவள் ஒன்றும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. அன்றிலிருந்து போனைப் பார்த்தாலே எனக்குப் பயம், அலமாரியில் துப்பட்டாவுக்கு அடியில் போட்டு வைத்திருக்கிறேன், அடித்தால் ஆஸிபா தான் வாப்பும்மா யுவர் ஃபோன் என்று தூக்கிக்கொண்டு ஓடி வருகிறாள்.

நடந்ததை முழுசாக எழுதுகிறேன், உனக்குப் பாதி தான் தெரியும். உனக்கு மூத்த காக்கா ஷாஹுலை அடக்கிய அன்று, ஜனாஸா தொழுகைக்கு முன்னால் வாப்பா எல்லார் முன்னாடியும் நின்று, என் மகன் யாருக்காவது கடன்பட்டிருந்தால் என்னிடம் கேளுங்கள், யாருக்காவது தப்பு செய்திருந்தால் அவனை மன்னித்துவிடுங்கள் என்று கேட்டார்களே, நீ பக்கத்தில் தானே நின்றாய். நம் ஊரில் எந்த மையித்துக்கும் கேட்கிறது தான். ஆனால் ஷாஹுல் காரில் மோதிய அந்த லாரி டிரைவரிடம் மட்டும் கேட்கவில்லையே என்று வாப்பாவுக்கு உறுத்திக்கொண்டே இருந்திருக்கிறது, அவனும் கை ஒடிந்து ஆஸ்பத்திரியில் கிடந்தானாமே. நீ வெஸ்ட் வின்ட்சருக்குத் திரும்பிப் போன பிறகு ஒருநாள் மெஹர் போனுக்கு ஒரு கால் வந்தது. அவள் அப்போது புருஷனுக்காக இத்தாவில் இருந்தாள், வெளி ஆம்பிளைக் குரல் என்றதும் போனை அவள் மாமா, உன் வாப்பா கையில் கொடுத்துவிட்டாள். பேசியவன் லாரி கம்பெனியோட இன்சூரன்ஸ் ஆள். ரொம்ப மரியாதையாகத் துக்கம் விசாரித்தானாம், ரெக்கார்ட் பண்ணலாமா என்று கூடக் கேட்டானாம், வாப்பாவும் தாராளமாகப் பண்ணுங்கள் என்றார்களாம். பேங்க் மேனேஜராக இருந்த இங்கிலீஷ் ஆயிற்றே, சும்மா விடுவார்களா. என் மகன் உங்கள் டிரைவருக்கு ஏதாவது தப்பு செய்திருந்தால் மன்னித்துவிடச் சொல்லுங்கள், எங்களுக்கு அவர் மேல் கோபமில்லை என்று சொல்லி முடித்துவிட்டு, இப்போது தான் மனசு லேசாச்சு என்றார்கள். நானும் அல்ஹம்துலில்லாஹ் சொல்லி டீ போட்டுக் கொடுத்தேன்.

அந்தப் பேச்சு இப்போது எதிர்த்தரப்பு கையில் இருக்கிறது முஸ்அப். லாரி தான் லேன் மாறி வந்து இடித்தது என்று நாம் சொல்கிறோம், ஷாஹுல் தான் குறுக்கே வந்தான் என்று அவர்கள் சொல்கிறார்கள், பெற்ற தகப்பனே மகன் மேல் தப்பு என்று ஒத்துக்கொண்டாரே என்று கேட்கிறார்களாம். பாதிக்கு மேல் தப்பு ஷாஹுல் பக்கம் என்று முடிவாகிவிட்டால் இந்த ஸ்டேட்டில் மெஹருக்கும் பிள்ளைக்கும் நஷ்டஈடு என்று ஒன்றுமே கிடையாதாம். அதை நம்பித்தான் மெஹர் இங்கேயே படித்து, ஸ்டூடண்ட் விசா வாங்கி, பிள்ளையை வளர்த்துவிடலாம் என்று இருந்தாள், ஷாஹுலுடைய வேலை விசாவில் கூட வந்தவளுக்கு வேறென்ன வழி இருக்கிறது. யாமினி இதைச் சொன்னதிலிருந்து மெஹர் மாமாவைக் குறைசொல்லி ஒரு வார்த்தை பேசவில்லை. வழக்கம் போல சோறு எடுத்து வைக்கிறாள், சட்டைக்கு இஸ்திரி போடுகிறாள். அவள் ஒரு சத்தம் போட்டிருந்தால் கூட எனக்கு இத்தனை பயம் வந்திருக்காது.

வருகிற வியாழக்கிழமைக்கு அடுத்த வியாழன் வாப்பா எதிர்த்தரப்பு வக்கீல் முன்னால் சத்தியம் பண்ணிப் பதில் சொல்ல வேண்டும். எங்களில் யார் மௌத்தானாலும் இப்படித்தான் கேட்போம், படுக்கையில் போன என் தகப்பனாருக்கும் கேட்டேன் என்று உள்ளதைச் சொன்னால் போதும் என்கிறாள் யாமினி. அதை வாப்பா சொல்லிவிடுவார்கள். அப்படியானால் உங்கள் மகன் மேல் தப்பே இல்லையா என்று அந்த வக்கீல் திருப்பிக் கேட்பானே, அப்போது என்ன சொல்வார்களோ. நான் அந்தக் காரில் இல்லை, தப்பே செய்யாத மனுசன் யார் இருக்கிறான், கேட்ட மன்னிப்பை நானே வாபஸ் வாங்கினால் பிள்ளை கபுரில் கடனோடு கிடக்க மாட்டானா என்று காலையில் என்னைக் கேட்டார்கள், கண் கலங்கியிருந்தது. அவர்கள் சொல்வதும் சரி, மெஹர் பக்கமும் சரி, நடுவில் நான் தோசைக் கரண்டியோடு நிற்கிறேன். நீ அதற்கு முந்தின நாளே வந்துவிடு. பொய் சொல்லச் சொல்லாதே, சொன்னாலும் கேட்க மாட்டார்கள். நான் பார்க்கவில்லை, எனக்குத் தெரியாது என்பதோடு நிறுத்திக்கொள்ளுங்கள், அதற்கு மேல் ஒரு சொல் வேண்டாம் என்று மட்டும் சொல். நான் சொன்னால் உனக்கென்ன தெரியும் என்பார்கள், நீ சொன்னால் யோசிப்பார்கள்.

ஏர்போர்ட்டிலிருந்து கார் எடுத்து ஓட்டிக்கொண்டு வராதே, இங்கே வரைக்கும் ரயில் இருக்கிறதாம். உன் ஊரிலும் லாரிக்குப் பக்கத்தில் போகாதே, பின்னால் எவனாவது ஹாரன் அடித்தால் வழி விட்டுவிடு, பயந்தாங்கொள்ளி என்று சொன்னால் சொல்லட்டும். காரில் ஒரு கேமரா மாட்டு, ஷாஹுல் காரில் அது இருந்திருந்தால் இவர்கள் வாப்பாவின் வாயைப் பிடித்துக்கொண்டு தொங்குவார்களா. மெஹர் அடுத்த மாதம் டிரைவிங் கிளாஸ் போகிறாள், அதே ஃப்ரீவேயில் ஓட்டினால் தான் இந்த ஊரில் எந்தக் காலேஜுக்கும் போக முடியுமாம், வேண்டாம் என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. வெளியே லாரி சத்தம் கேட்டால் வீட்டுக்குள் விளையாடுகிற ஆஸிபாவைப் பிடித்து இழுத்து மடியில் வைத்துக்கொள்கிறேன், வாட் ஹாப்பன்ட் வாப்பும்மா என்கிறாள்.

அல்லாஹ் உனக்கு நீண்ட ஆயுசைத் தரட்டும், போகிற பாதையெல்லாம் உன்னைக் காப்பாற்றிக் கொடுக்கட்டும். ஆயத்துல் குர்ஸி ஓதாமல் வண்டியை எடுக்காதே, வருகிற நாளையும் மறந்துவிடாதே. கடைசியில் நான் எப்போதும் சொல்கிற வரியை இந்தத் தடவை எழுதலாமா வேண்டாமா என்று பேனாவைப் பிடித்தபடி ரொம்ப நேரம் உட்கார்ந்திருந்தேன். இந்தக் காகிதமும் யார் கையிலாவது சிக்கி, நீங்கள் என்ன தப்பு செய்தீர்கள் என்று என்னையும் கூப்பிட்டு உட்கார வைப்பார்களோ என்று பயமாக இருக்கிறது. ஆனால் நாங்கள் உன் வீட்டில் இருந்தபோது ஷாஹுல் கடைசியாகப் போனில் பேசினானே, வண்டி எடுக்கப் போறேன் உம்மா, வைக்கிறேன் என்று அவசரப்படுத்தினான், அன்றைக்கு மட்டும் அதைச் சொல்லாமல் விட்டுவிட்டேன். உன்னிடம் அப்படி விட மாட்டேன். நான் சொன்னதில் செய்ததில் ஏதாவது பிழை இருந்தால் உம்மாவை மன்னித்துக்கொள் மகனே.

உன் உம்மா
செய்யதலி பாத்திமா