ஏழு நாள் முந்திக் கேட்ட சத்தம்

மே 5, செவ்வாய்

கண்ணீர் அறிவிப்பு. கிளீட்டஸ் ஆகிய என்னுடைய இடதுகால் செருப்பு, இன்று மாலை கடலுக்குள் நீளும் தூண்டில் வளைவின் கடைசிப் பாறையில் வழுக்கி, கடலில் விழுந்து இறைவனடி சேர்ந்தது. வயது எட்டு மாதம். தனித்து வாடுவது: வலதுகால் செருப்பு.

இதை உபதேசியார் சிலுவைமுத்துவின் குரலில் படிக்க வேண்டும். எங்கள் ஊரில் சாவு விழுந்தால் கோவில் மைக்கில் அறிவிப்பது அவர்தான். அவர் குரலில் அவரைவிட நான் நன்றாகப் பேசுவேன்.

செருப்பு போனதற்குக் காரணம் ஒரு வெட்டம். ஐந்தே முக்கால் இருக்கும். மேற்கே கடலுக்கு மேல் பூசணிக்காய் பருமனில் பச்சை வெளிச்சம் ஒன்று வந்து நின்றது. எழும்பின அலை எழும்பினபடியே நின்றது. தலைக்கு மேல் ஒரு காக்கா சிறகை விரித்தபடி அந்தரத்தில் ஒட்டிக்கொண்டிருந்தது. கடல் சத்தமே இல்லை. அந்த அமைதியில் அம்மாவின் குரல் மட்டும், காதுக்குப் பக்கத்தில்: "சட்டி போச்சே! லேய் கிளீட்டஸ், உன்ன இண்ணு விடமாட்டேன்!"

வீட்டுக்கு ஓடிவந்து பார்த்தால் சட்டி முழுசாக இருக்கிறது. அம்மா வாயே திறக்கவில்லையாம். வெட்டத்தை ஊரே பார்த்திருக்கிறது. திருவனந்தபுரத்தில் ராக்கெட் விட்டிருப்பான் என்கிறார்கள்.

எனக்குப் பயமா? என் அகராதியில் அந்தச் சொல் இல்லை. வீட்டில் அகராதியும் இல்லை.

மே 8

வலதுகால் செருப்பையும் காணோம். துக்கம் தாளாமல் போயிருக்கும். அல்லது நாய்.

மே 12, செவ்வாய்

கதவைத் தாழ்போட்டுக்கொண்டு எழுதுகிறேன்.

ஐந்தே முக்காலுக்குப் பூனையை விரட்டப் போய் மீன் சட்டியைத் தட்டிவிட்டேன். "சட்டி போச்சே! லேய் கிளீட்டஸ், உன்ன இண்ணு விடமாட்டேன்!" அதே சொல். அதே இழுப்பு. சரியாக ஏழு நாள்.

அகப்பைக்குத் தப்பித் தூண்டில் வளைவுக்கு ஓடினேன். ஆறு மணி. மறுபடியும் அந்த வெட்டம். அலை நின்றது. மைக்கின் கரகரப்பு. உபதேசியார் குரல்.

"ஞானையன் மகன் ஷாஜன் இன்று மாலை இறைவனடி சேர்ந்தார். யாரும் வள்ளம் இறக்காதீங்க."

பெயரைச் சொல்லும் இடத்தில் குரல் உடைந்தது. எத்தனையோ சாவு அறிவித்திருக்கிறார், ஒருதரம்கூட அவர் குரல் உடைந்ததில்லை.

ஷாஜன் என் கூட்டுக்காரன். ஒன்றாம் வகுப்பிலிருந்து ஒரே பெஞ்சு. சட்டிக்கு ஏழு நாள் என்றால் ஷாஜனுக்கும்— வேண்டாம். எழுதமாட்டேன்.

மே 13

அவனிடமே சொல்லிவிட்டேன். விழுந்து விழுந்து சிரித்தான். "லேய், திமிங்கலம் கரை ஒதுங்கியிருக்குன்னு சொல்லி ஊரையே ஓட வச்சது ஆரு? நீயாக்கும். போ மக்கா, வேற ஆளப் பாரு."

இத்தனை வருஷம் பொய்யைக் கச்சிதமாகச் சொன்னதற்குக் கூலி. உண்மையைச் சொல்லத் தெரியவில்லை.

மே 15

அவன் சைக்கிளில் காற்றைப் பிடுங்கிவிட்டேன். குளத்துக்குப் போனால் கூடவே போகிறேன். தென்னைக்குக் கீழே நின்றால் இழுத்து விடுகிறேன். "உனக்கு கிறுக்கு பிடிச்சிருக்கா?" என்கிறான். இருக்கலாம்.

மே 17, ஞாயிறு

பூசை முடிந்ததும் தோளில் கை போட்டுக்கொண்டு சொன்னான்: "செவ்வாய்க்கிழமை அப்பாகூட வள்ளத்துல போறேன். மொதத் தடவ. ஒனக்குப் பொறாமை இல்லியா?"

அப்போ கடல்தான். கடலா? ஏன் மாதாவே, அவனை ஏன்? நான் செய்த சேட்டைக்கெல்லாம் என்னையல்லவா கூப்பிட வேண்டும்.

மே 18

சோறு இறங்கவில்லை. ஒரு நாள் இருக்கிறது.

மே 19, செவ்வாய்

ஷாஜனைக் காப்பாற்றிவிட்டேன்! உலகத்திலேயே சாவை ஏமாற்றின ஒரே ஆள் கிளீட்டஸ்தான்.

சாயங்காலம் ஞானையன் மாமா வள்ளத்தில் வலை ஏற்றிக்கொண்டிருந்தார். ஷாஜனின் கையைப் பிடித்துக் கெஞ்சினேன். தள்ளிவிட்டான். மணி ஆறு ஆகப் போகிறது. என்ன செய்வேன்? எங்கள் ஊரில் ஒரு சாவு விழுந்தால் அடக்கம் முடியும்வரை ஒரு வள்ளமும் கடலில் இறங்காது. அது ஞாபகம் வந்ததும் கோவிலுக்கு ஓடினேன். உபதேசியார் இல்லை. மைக் அறை திறந்து கிடந்தது. அவர் குரலில் அறிவித்தேன். ஏழு நாளாக மண்டைக்குள் கிடந்த பெயர்தான் வாயில் வந்தது.

பேசும்போது ஜன்னல் முழுக்கப் பச்சை. மைக்கை அணைத்த பிறகும் என் குரல் கடலுக்கு மேல் போய்க்கொண்டே இருந்தது.

பதினொரு வள்ளமும் நின்றன. ஷாஜனின் அம்மா மணலில் விழுந்து கதறினார். "அம்மா, நான் இங்கதான் நிக்கேன்! பாரும்மா!" என்று அவன் அழுதான். அவனைத் தொட்டுத் தொட்டுப் பார்த்தும் அவர் நம்பவில்லை.

எனக்கு விழுந்த அடியில் காது இன்னும் இரைகிறது. இருக்கட்டும். அவன் இருக்கிறானே.

மே 20

நேற்றுக் கடல் குளம்போலக் கிடந்ததாம். பக்கத்து ஊர் வள்ளங்கள் எல்லாம் போய்ச் சாளை மீன் நிறையக் கொண்டு வந்திருக்கின்றன. ஒருவருக்கும் ஒன்றும் ஆகவில்லை.

ஷாஜன் என்னைப் பார்த்ததும் எழுந்து போய்விட்டான்.

மே 26, செவ்வாய்

ஞாயிற்றுக்கிழமை ஊர் முன்னால் மன்னிப்புக் கேட்டேன். தண்டனையாக ஒரு மாதம் கோவில் முற்றம் பெருக்க வேண்டும். இன்று பெருக்கும்போது உபதேசியார் பக்கத்தில் வந்து நின்றார்.

"லேய், நல்லாத்தான் பேசியிருக்க. ஆனா ஒண்ணு கேக்கட்டா? 'வள்ளம் இறக்காதீங்க'ன்னு நான் என்னைக்குலே சொல்லியிருக்கேன்? சாவுன்னு காதுல விழுந்தா, சொல்லித்தான் நிறுத்தணுமாக்கும்?"

துடைப்பம் கையிலேயே நின்றது, அந்தக் காக்காயைப்போல.

அவர் சொன்னதே இல்லை. வெட்டத்துக்குள் கேட்ட குரல் சொன்னது. மைக்கில் நான் சொன்னேன். ஷாஜன் பெயரைச் சொல்லும்போது எனக்குத்தான் குரல் உடைந்தது.

மேலே 'காப்பாற்றிவிட்டேன்' என்று எழுதினதை அடித்துவிட்டேன். அவனைச் சாகடித்த ஒரே ஆள் நான்தான். ஏழு நாள் என்னைத் தூங்கவிடாமல் பயமுறுத்தினவனும் நான்தான்.

இப்போது மதிலுக்கு அந்தப் பக்கமிருந்து ஷாஜன் கூப்பிட்டான். ஒரு வாரத்துக்குப் பிறகு முதல் பேச்சு: "மக்கா, வெட்டம் வந்திருக்கு. பாக்க வாறியா?"

வயிற்று வலி என்று சொன்னேன்.

வயிற்றுக்கு ஒன்றுமில்லை. இரண்டு காதிலும் பஞ்சு வைத்திருக்கிறேன்.