முன் இருக்கை

தோஹாவில் இருக்கும் என் வீட்டுக்காரருக்கு,

அம்பிட்டிய வீட்டில் நீங்கள் பாதியில் விட்டுப்போன, இரண்டு பேர் ஏறிப் பறக்கும் இரட்டை இறக்கை விமானத்தை நான் முடித்துவிட்டேன். "அந்தக் கட்டையெல்லாம் ஒடைச்சு வெறகுக்குப் போடு" என்று சென்ற வருடம் போனில் சொன்னீர்கள். அப்போது பக்கத்தில் ஒரு பிள்ளை உங்களை "டாடி" என்று கூப்பிட்டது. யாருடைய பிள்ளை என்று நான் கேட்கவில்லை.

வரைபடத்தில் உள்ளபடியே இறக்கைகளுக்குத் துணி போர்த்தி, மெழுகு தடவிய நூலால் இறுக்கித் தைத்தேன். கண்டிக் கடையில் இருபது வருடம் பிளவுஸ் தைத்த கை இது. வாசல் வழியாக வெளியே எடுக்க முடியவில்லை. நீங்கள் அதைக் கட்டிய ஹோலின் முன்சுவரை இடித்துவிட்டேன்.

லொறியில் ஏற்றுமுன் வாகன பூசைக்குக் கோயில் ஐயரைக் கூப்பிட்டேன். அடியில் எலுமிச்சம்பழம் வைத்து நசுக்கச் சில்லுகளை எண்ணிப் பார்த்து, "மூணுதானாம்மா? அப்ப ஆட்டோ கணக்குதான்" என்றார். பிறகு, அர்ச்சனை யார் பேருக்கு என்று கேட்டார். உங்கள் மோட்டார் சைக்கிளுக்கு உங்கள் பெயரைச் சொன்னது நினைவிருக்கும். இதற்கு என் பெயரையும் என் நட்சத்திரத்தையும் சொன்னேன்.

ரத்மலானை விமான நிலையத்தில் ஓட்டப் பழகி லைசென்ஸும் எடுத்துவிட்டேன். விழுந்தால் என்ன செய்வாய் என்று கேட்பீர்கள். விழுந்தாலும் நான் தைத்ததோடுதான் விழுவேன்.

பின் இருக்கையில் நீங்கள் ஓட்ட, முன் இருக்கையில் நான் வரலாம் என்று சொல்லி வைத்திருந்தீர்கள். முன் இருக்கைக்கு மேலே துணி போர்த்தி, தைத்து மூடிவிட்டேன்.

இப்படிக்கு,
பின் இருக்கையில் இருப்பவள்