அவனிடம் கேள், வக்கீலிடம் அல்ல

செயின்ட் ப்ளாசியஸ், மிச்சிகன்
பிப்ரவரி 11, செவ்வாய்க்கிழமை

அன்பு மகள் ஜெனிவீவுக்கு,

உன் அம்மா எழுதுகிறேன். முழங்கால் வலியையும் ஏரிக் காற்றையும் விட்டுவிட்டால் எனக்கு ஒரு குறையும் இல்லை. அலாஸ்காவில் நீயும் தாமஸும் பிள்ளைகளும் சுகம் என்று எடுத்துக்கொள்கிறேன். எடுத்துக்கொள்வது வேறு, தெரிந்துகொள்வது வேறு, ஆகையால் இரண்டு வரியாவது உன் கையால் எழுதிப் போடு. தொலைபேசியில் நீ அனுப்பும் சிரித்த முகப் பொம்மைகளை நான் பதிலாக ஏற்பதில்லை. இங்கே பனி ஜன்னல் விளிம்புவரை ஏறிவிட்டது. லூக் ஞாயிறுதோறும் வந்து பாதையைச் சுத்தம் செய்கிறான், அள்ளிய பனியை எப்போதும்போல் என் ரோஜாச் செடிகள்மேல் கொட்டுகிறான், கேட்டால் "அதுங்களுக்கும் போர்வை வேணாமாம்மா" என்கிறான். உன் அண்ணனுக்கு ஐம்பத்து நான்கு வயதாகிறது என்பதை அவனுக்கு யாராவது நினைவூட்ட வேண்டும்.

போன புதன்கிழமை நீ சொன்ன செய்தியைத்தான் இன்னும் மனத்துக்குள் புரட்டிக்கொண்டிருக்கிறேன். உன்னை மத்திய அரசின் ஃபெடரல் நீதிபதியாக முன்மொழிய செனட்டரின் அலுவலகத்திலிருந்து கேட்டிருக்கிறார்கள், வருகிற வெள்ளிக்கு அடுத்த வெள்ளிக்குள் பதில் சொல்ல வேண்டும் என்றாய். இதில் யோசிக்க என்ன இருக்கிறது, சரி என்று சொல் என்றேன். அப்போது நீ ஒரு கேள்வி கேட்டாய். "அப்பா இந்த வேலையில எப்பவாவது வருத்தப்பட்டிருக்காராம்மா?" உன் அப்பாவா, ஒரு நாளும் இல்லை என்று பட்டென்று சொன்னேன். நீ கொஞ்சம் பேசாமல் இருந்துவிட்டு, அடுப்பில் ஏதோ இருக்கிறது என்று வைத்துவிட்டாய். அதன்பிறகு குறுக்கெழுத்துப் புதிரில் என்னால் ஒரு கட்டம்கூட நிரப்ப முடியவில்லை. மடத்துப் பள்ளியில் சிஸ்டர் பெர்பெச்சுவா எங்களுக்குச் சொல்லிக்கொடுத்தது, தெரியாத ஒன்றைத் தெரிந்ததுபோல் சொல்வது தவறான விடையைவிட மோசம் என்று. எனக்கு விடை தெரியாது, ஜெனி. நாற்பத்து மூன்று ஆண்டுகள் ஒரு நீதிபதியின் மனைவியாக இருந்திருக்கிறேன், அவர் அந்த உயரமான நாற்காலியில் உட்கார்ந்து என்ன நினைத்தார் என்று எனக்குத் தெரியவே தெரியாது.

எனக்குத் தெரிந்ததெல்லாம் இந்தப் பக்கம்தான். நாற்பத்து நான்கு வயதில் அவர் பதவி ஏற்றபோது உனக்கு ஐந்து வயது, அந்தக் கறுப்பு அங்கியைப் பார்த்து அப்பா சாமியாராகிவிட்டாரா என்று கேட்டாய். சாகும்வரை யாரும் பறிக்க முடியாத பதவி என்று ஊரே வந்து கைகொடுத்தது. அடுத்த மாதத்திலிருந்து அதே ஊர் எங்கள் வீட்டுக்குள் மெதுவாகப் பேச ஆரம்பித்தது. வெள்ளிக்கிழமைச் சீட்டாட்டத்தில் லூயி பெல்லொ வேண்டுமென்றே தோற்கத் தொடங்கினார். "ஏன்யா லூயி, நான் நீதிபதி ஆனா உன் கையில சீட்டும் கெட்டுப் போகுமா" என்று அப்பா ஒரு நாள் சீட்டை மேசையில் போட்டுவிட்டு வந்தவர் பிறகு போகவே இல்லை. தேவாலயத்தின் மீன்விருந்துக்கு நன்கொடை கேட்டு அவர் பெயரில் ஒரு கடிதம் போடக்கூடாது, தேர்தல் காலத்தில் நம் வாசலில் ஒரு கட்சிப் பலகை நட்டுவைக்கக்கூடாது. ஒவ்வோர் ஆகஸ்ட்டிலும் சட்டக் கல்லூரியிலிருந்து இரண்டு பேர் உதவிக்கு வருவார்கள், அவர்களுக்குக் கறி பரிமாறி, மீசை வைக்காதே என்று புத்தி சொல்லிப் பழகும்போது அடுத்த ஆகஸ்ட் வந்துவிடும். வழக்கு என்ற சொல்லை மட்டும் அவர் வாசலிலேயே பனிக்காலணியோடு கழற்றி வைத்துவிடுவார். நானும் கேட்டதில்லை. கேட்காமல் இருப்பதுதான் மரியாதை என்று பெருமைப்பட்டுக்கொண்டேன்.

ஆகவே வியாழக்கிழமை காலை, அவர் இறந்தபின் நீதிமன்றத்திலிருந்து வந்த பெட்டியைத் திறந்தேன். இரண்டு வருடமாகத் தையல் இயந்திரத்துக்குக் கீழே கிடந்தது. பூதக்கண்ணாடி, பேனா, தொண்டைக்குப் போடும் மிட்டாய் டப்பா, அதற்கடியில் உள்ளங்கை அகலத்தில் ஒரு அட்டை. நான்கு மூலையிலும் பசைநாடா மஞ்சளாகிக் காய்ந்திருந்தது, எங்கோ ஒட்டிவைத்து உரித்திருக்கிறார்கள். அவருடைய கையெழுத்தில் இரண்டே வரி. "அவனிடம் கேள். வக்கீலிடம் அல்ல." யார் அந்த அவன்? என்ன கேட்க வேண்டும்? மகளே, அன்று மதியம் நான் சூப்பைக் கருகவிட்டேன், நம் வீட்டில் இது நடந்ததில்லை. வேறு யாருக்கும் தெரிந்திருக்க முடியாது, ஆகவே கைத்தடியை எடுத்துக்கொண்டு ஐலி காங்கஸ் வீட்டுக்கு நடந்தேன். அப்பாவின் நீதிமன்றத்தில் முப்பது வருடம் ஒவ்வொரு சொல்லையும் தட்டெழுதியவள், நினைவிருக்கும். கதவைத் திறந்ததும் "வாம்மா ஜட்ஜ் வீட்டுக்காரி, இருபது வருஷமா ரெண்டு தெரு தள்ளித்தான் இருக்கேன், இப்பத்தான் வழி தெரிஞ்சுதா" என்றாள். அவள் காப்பியில் கரண்டி நிற்கும், அத்தனை திடம். அட்டையைக் காட்டினேன். கண்ணாடியைக்கூடப் போடாமல் "ஆர்வோ லெஹ்தோ" என்றாள்.

உனக்கு அப்போது ஒன்பது வயது, தெரிந்திருக்காது. ஆர்வோ லெஹ்தோ வடக்குக் கரைப் பண்ணைகளுக்குத் தபால் கொண்டுபோனவன். அவன் மனைவி படுக்கையில் கிடந்த குளிர்காலத்தில் சுற்றை முடிக்க முடியாமல் மிச்சத்தை வீட்டுக்குக் கொண்டுபோனான், மறுநாள் மிச்சம் இரட்டித்தது, வெளியே சொல்ல வெட்கப்பட்டுக் கொட்டகையில் மூட்டை மூட்டையாக ஒளித்தான். தபாலை ஒளிப்பது ஃபெடரல் குற்றம், அதனால் அப்பாவிடம் வந்தான். தண்டனை சொல்லும் நாளில் பனிப்புயல். சாலையை மூடுவதற்குள் கைதியை ஏற்றிக்கொண்டு போக வேண்டும் என்று காவலர்கள் கதவருகில் கால் மாற்றிக்கொண்டிருந்தார்கள். அப்பா அவனுடைய வக்கீலைப் பார்த்து "இன்னும் ஏதாவது இருக்கா" என்று கேட்டார், வக்கீல் இல்லை என்றார், அப்பா பதினெட்டு மாதம் என்றார், எல்லாரும் எழுந்துவிட்டார்கள். தண்டனைக்கு முன் குற்றவாளியையே முகம் பார்த்து, நீ சொல்ல விரும்புவது ஏதாவது உண்டா என்று கேட்டாக வேண்டும், இது உனக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. "நான் தட்டிக்கிட்டே இருக்கேன் பிலோமினா, அந்தக் கேள்வி வரவே இல்ல. என் விரல் அதுக்காகக் காத்துக்கிட்டு இருந்துச்சு. ஜட்ஜ் பேசுறப்ப நான் வாயத் திறக்க முடியுமா?" என்றாள் ஐலி. சின்சினாட்டியில் மேல்முறையீட்டு நீதிபதிகள் அந்த ஒரு காரணத்துக்காகவே வழக்கைத் திருப்பி அனுப்பினார்கள். அதற்குப் பதினொரு மாதம் ஆனது.

இரண்டாவது முறை அப்பா அவனை முகம் பார்த்துக் கேட்டார். ஆர்வோ சட்டைப்பையிலிருந்து ஒரு காகிதத்தை எடுத்தானாம். மடிப்பில் கிழிந்துபோயிருந்தது, முதல் நாளே கொண்டுவந்த காகிதம். "ஐயா, இன்னும் ஒரு மூட்டை இருக்குங்க. நீராவிக் குளியல் குடிசையோட மச்சுல. யாரும் அங்க தேடல. அன்னிக்கே சொல்லிடலாம்னுதான் வந்தேன், நீங்க கேக்கல. அப்புறம் மேல்முறையீடு முடியுறவரைக்கும் வாயத் திறக்காதன்னு வக்கீல் சொல்லிட்டாரு. பேக்கரிக்கார அம்மாவுக்கு அவங்க பையன்கிட்டேருந்து ஒரு கடுதாசி அதுல இருக்கு. அதையாவது முதல்ல கொடுத்துடுங்க." பேக்கரிக்கார அம்மா என்றால் திருமதி ட்ரெவாரோ, நீ அவளுடைய குங்குமப்பூ ரொட்டிக்காகத் திருப்பலியில் நெளிந்துகொண்டே இருப்பாய். சண்டை போட்டுப் போன மகனுக்காக ஆறு வருடம் தபால் பெட்டியருகில் நின்றவள். அவள் அந்த மே மாதமே இறந்துவிட்டாள், இது நடந்ததோ நவம்பரில். அப்பா எழுந்து உள்ளே போனாராம், பத்து நிமிடம் நீதிமன்றம் வெறுமனே உட்கார்ந்திருந்தது. திரும்பி வந்து அதே பதினெட்டு மாதத்தைச் சொன்னார். "கூடவும் இல்ல, குறையவும் இல்ல. ஆனா மறுநாள் மேசைமேல அந்த அட்டை ஒட்டியிருந்துச்சு, அவருக்கு மட்டும் தெரியுற மாதிரி" என்றாள்.

ஐலி அடுத்த கோப்பையை ஊற்றும்போது எனக்கு ஒன்று நினைவுக்கு வந்தது. அந்த டிசம்பரில் ட்ரெவாரோவின் மகன் கல்லறைத் தோட்டத்தில் தனியாக நின்றதைப் பார்த்திருக்கிறேன். மூட்டையில் கிடந்த அவன் கடிதம் பெறுநர் இறந்துவிட்டார் என்ற முத்திரையோடு அவனிடமே திரும்பிப் போய், அதன்பிறகுதான் வந்திருக்கிறான், எனக்கு இது அன்று தெரியாது. அன்று இரவு உணவின்போது நான் சொன்னேன், என்ன கல்நெஞ்சுப் பிள்ளை, அம்மா உயிரோடு இருக்கும்போது வராமல் இப்போது வந்து நிற்கிறான் என்று. அப்பா முள்கரண்டியைக் கீழே வைத்துவிட்டு "அவனை நீ கேட்டியா?" என்றார். வீட்டிலுமா நீதிபதி என்று எனக்குக் கோபம். அந்த வாரத்திலிருந்துதானே மேசையில் அந்த வழக்கம் தொடங்கியது? உங்களைத் திட்டுவதற்கு முன்னால், மேசையைவிட்டு எழுவதற்கு முன்னால், ஒவ்வொருவராகப் பெயர் சொல்லி, "நீ சொல்ல வேண்டியது ஏதாவது இருக்கா?" இல்லை என்றாலும் விடாமல் சற்று நேரம் காத்திருப்பார். லூக் "இருக்குப்பா, ஜெனி டர்னிப்பை மடியில ஒளிச்சு வச்சிருக்கா" என்று காட்டிக்கொடுப்பான். நீ அழுவாய். இதென்ன வீணாகச் சாப்பாட்டை ஆறவைக்கிற பழக்கம் என்று நான் முப்பது வருடம் முணுமுணுத்திருக்கிறேன்.

ஆகவே உன் கேள்விக்கு இப்போது சரியான விடை எழுதுகிறேன். ஆம், வருத்தப்பட்டார். அந்த வருத்தத்தோடு இன்னும் முப்பத்தைந்து ஆண்டுகள் வேலையும் செய்தார். இதை நீ எந்தப் பக்கம் எடுத்துக்கொள்வாய் என்று எனக்குத் தெரியவில்லை. அதில்தான் என் தவறு இருக்கிறது. புதன்கிழமை நீ தொலைபேசியை வைத்ததும் நான் தாமஸை அழைத்து ஜெனி என்ன நினைக்கிறாள் என்று கேட்டேன். லூக்கைக் கேட்டேன். பாதிரியார் மாரெக்கிடம் என் மகளும் நீதிபதி ஆகிறாள் என்றே சொல்லிவிட்டேன், பாடகர் குழுவுக்கும் தெரியும், பதவியேற்புக்கு ஒரு நீல நிற மேலங்கிக்கு அளவு கொடுத்தாகிவிட்டது. உன்னை மட்டும் நான் கேட்கவில்லை. இருபத்திரண்டு வருடமாக நீ குற்றம் சாட்டப்பட்டவர்களின் பக்கத்தில் அவர்களுடைய வக்கீலாகத் தோளோடு தோள் நிற்கிறாய், இனி அவர்களுக்கு எதிரே மேலே உட்கார உனக்கு விருப்பமா என்று கேட்க எனக்குத் தோன்றவே இல்லை. நீ பேசாமல் இருந்த அந்தக் கொஞ்ச நேரத்தில் அடுப்பில் ஒன்றும் இல்லை, இல்லையா?

ஞாயிறு, உங்கள் நேரம் மதியம் ஒரு மணிக்கு அழைப்பேன். நீ சொல்ல வேண்டியது ஏதாவது இருக்கிறதா என்று கேட்டுவிட்டுக் காத்திருப்பேன். எவ்வளவு நேரம் ஆனாலும் குறுக்கே பேச மாட்டேன், உன் அம்மாவுக்கு அது எவ்வளவு கடினம் என்று உனக்குத் தெரியும். நீ வேண்டாம் என்றால் மேலங்கியை ஈஸ்டருக்குப் போட்டுக்கொள்கிறேன், நீல நிறம் எனக்கு எதற்கும் பொருந்தும். அட்டையை இந்த உறையிலேயே வைத்திருக்கிறேன். நீ எந்தப் பக்கம் நின்றாலும் அது உனக்குத்தான். கம்பளிக் காலுறையை ஈரத்தோடு போட்டுக்கொண்டு திரியாதே, சின்னவனின் பல்லை வைத்தியரிடம் காட்டு, அப்பாவின் நினைவு நாள் திருப்பலி இருபத்து மூன்றாம் தேதி, அங்கேயும் ஒரு மெழுகுவர்த்தி ஏற்று. தேவன் உன் வாக்கையும் உன் மௌனத்தையும் காக்கட்டும், உன் வீட்டார் எல்லாருக்கும் என் முத்தங்கள்.

உன் பதிலுக்குக் காத்திருக்கும் அம்மா,
பிலோமினா திபோ