பத்து லிட்டர் எங்கே போனது

ஜூலை 8, செவ்வாய்

காலையிலேயே புழுதிக் காற்று. கண்ணாடி துடைத்தது மூன்று முறை. வழக்கம்போல் திருப்பரங்குன்றம் பள்ளியிலிருந்து வேன் காலியாகக் கிளம்பி, திருமங்கலம் தாண்டி, பேரையூர் ரோட்டில் கடைசி ஊர் வரை 24 கி.மீ. அங்கிருந்து பிள்ளைகளை ஏற்றிக்கொண்டு திரும்ப 24. மாலையில் ஏற்றிக்கொண்டு 24, காலியாக 24. பதினோரு வருஷம்.

இன்று புதிது. வேன்களுக்குப் பொறுப்பு கணக்கு வாத்தியார் சந்திரன் சார். கூப்பிட்டார். 25 வேலை நாளில் டீசல் பத்து லிட்டர் அதிகமாம்.

"நீங்க எடுத்தீங்கன்னு நான் சொல்லலண்ணே. கணக்கு சொல்லுது."

மனிதர் சொன்னால் சண்டை போடலாம். கணக்கு சொன்னால்?

மன்னிப்புக் கடிதம் டைப் அடித்துத் தயார். சனிக்கிழமை தாளாளர் முன்னால் கையெழுத்து. இல்லையென்றால் திங்கள் முதல் வேறு டிரைவர். பள்ளி என் இனிஷியலைச் சரியாக எழுதிய முதல் காகிதம்.

போடமாட்டேன்.

ஜூலை 9, புதன்

வெயில். வேனில் பிள்ளைகளை ஏற்றி இறக்க வரும் முத்துலட்சுமி அக்காவிடம் சொன்னேன்.

"பத்து லிட்டரா? எங்கிட்டுப்பா வச்ச? நாந்தானே தெனமும் கூட வாரேன். எடுத்திருந்தா எனக்குப் பாதி வந்திருக்கணுமே!"

சந்தேகப் பட்டியல்:
டேங்க் ஒழுகல் - இல்லை. அடியில் படுத்துப் பார்த்தேன். சட்டை போயிற்று.
ரயில்வே கேட் - இன்ஜினை அணைத்துவிடுகிறேன்.
நான் - தூக்கத்தில் குடித்திருக்கலாம்.

பகலில் வேன் நிற்கும்போது பின்சீட்டில் நூலகப் புத்தகம். பழைய பாட்டுகளில் தேர்ப்பாகனைத் தேடினேன். தலைவன் எல்லா இடத்திலும் "விரைந்து ஓட்டு" என்கிறான். குதிரை எவ்வளவு புல் தின்றது என்று ஒருவனும் கேட்கவில்லை. அது நாகரிகம்.

ஜூலை 10, வியாழன்

சாரிடம் கணக்குத்தாளைக் கேட்டேன். சந்தோஷமாகக் கொடுத்தார். அழகான கையெழுத்து.

காலி வண்டி: லிட்டருக்கு 12 கி.மீ. ஏற்றிய வண்டி: 8. பத்தொன்பது இடத்தில் நின்று நின்று போனால் அவ்வளவுதான். போன மாதம் அவரே கூட வந்து அளந்தது. ஒப்புக்கொள்கிறேன்.

12 + 8 = 20. பாதி 10. ஒரு நாள் ஓட்டம் 96 கி.மீ. 96 ÷ 10 = 9.6 லி. நான் போடுவது நாளுக்கு 10 லி. வித்தியாசம் 0.4. × 25 = 10 லி. கீழே இரட்டைக் கோடு.

நாலு தடவை போட்டுப் பார்த்தேன். நாலு தடவையும் நான்தான் திருடன்.

ஊரில் இது தெரிந்தால் எந்தப் பள்ளியும் வண்டி தராது. ஆனாலும் கையெழுத்துப் போடமாட்டேன்.

ஜூலை 11, வெள்ளி

காலை 7.10. கடைசி ஊர். ஒரு பிள்ளைக்கு இன்னும் தலை பின்னிக்கொண்டிருந்தார்கள். காத்திருக்கும்போது டீசல் முள்ளைப் பார்த்தேன். இந்த வண்டி என்றைக்காவது லிட்டருக்குப் பத்து ஓடியிருக்கிறதா? போகும்போது பன்னிரண்டு. வரும்போது எட்டு. பத்து ஓடியதே இல்லை. அது சாருடைய தாளில் மட்டும் ஓடுகிற வண்டி.

சிகரெட் அட்டையில் போட்டேன்.
காலியாக 48 ÷ 12 = 4 லி.
ஏற்றி 48 ÷ 8 = 6 லி.
ஆக 10.

மறுபடி. 10. கூட்டவேண்டியது குடித்த லிட்டரை. அவர் மைலேஜைக் கூட்டிப் பாதியாக்கிவிட்டார்.

அக்காவிடம் காட்டினேன்.
"அப்ப சாரு கணக்குல பெயிலா?"
"பெயில்தான்க்கா."
"பிள்ளைககிட்ட சொல்லிரவா?"
"நாளைக்கு வரைக்கும் பொறுங்க."
"அம்புட்டு நேரமெல்லாம் என்னால முடியாதுப்பா."

ஜூலை 12, சனி

காற்று. தாளாளர் அறையில் ஏ.சி. உட்காரச் சொல்லவில்லை. உட்கார்ந்தேன்.

"கையெழுத்து?" என்றார் தாளாளர்.

"போட்டுருவோம்யா. அதுக்கு முன்னாடி சாரு எனக்கு ஒரு கணக்கு மட்டும் சொல்லட்டும். காலி வண்டி நாப்பத்தெட்டு கிலோமீட்டர். லிட்டருக்குப் பன்னெண்டு. எம்புட்டு டீசல் சார்?"

"நாலு."

"ஏத்துன வண்டி நாப்பத்தெட்டு. லிட்டருக்கு எட்டு."

"ஆறு..."

கூட்டச் சொல்லவில்லை. முகம் தானாகக் கூட்டிக்கொண்டிருந்தது.

தாளாளர் கொஞ்ச நேரம் மின்விசிறியைப் பார்த்தார். அது ஓடவில்லை. "சரி, ஏதோ கவனக்குறைவு. மனசுல வச்சுக்காதீங்க. போய் வண்டியப் பாருங்க."

"மனசுல வைக்கலய்யா. இவருதான் பதிவேட்டுல வச்சிருக்காரு."

பதிவேடு வந்தது. 'பத்து லிட்டர் அதிகம்' என்ற வரியைச் சார் அடித்தார். சரியான கணக்கை எழுதச் சொன்னேன். விடையை மட்டும் எழுதினார். வழியையும் எழுதச் சொன்னேன். எழுதினார். கையெழுத்தும்.

என் கடிதத்தைக் கிழிக்க ஃபைலைத் திறந்தார். அடியில் அதே கடிதம் இன்னும் இரண்டு. வேல்முருகன், பாண்டி. மற்ற இரண்டு வேன்களின் டிரைவர்கள். இருவரும் கையெழுத்துப் போட்டிருந்தார்கள். தினமும் என்னோடு டீ குடிக்கிறவர்கள். ஒரு வார்த்தை சொல்லவில்லை.

"முடிஞ்சுதுண்ணே, கெளம்புங்க" என்றார் சார்.

"அவங்க வண்டியும் ஒரு பக்கம் காலியாத்தானே சார் ஓடுது?"

நான் எழுந்திருக்கவில்லை. பேனா மூடியைக் கழற்றி, பேனாவையும் பதிவேட்டையும் அவர் பக்கம் நகர்த்தி வைத்தேன்.