வானிலைப் பாட்டுக்காரன் மணிக்கு

என் பாட்டுக் கூட்டாளி மணிக்கு,

நீ போய் ஒன்றரை வருஷம் ஆகிறது. தோஹா டெலிவிஷன் இப்போது கலரில் வருகிறது, தெரியுமா? நஜ்மாவில் நம் ரூமுக்குக் கீழே இருக்கும் சாயாக் கடையில் கூட்டம் தாங்கவில்லை. வானிலை சொல்லும் ஆளின் டை பச்சையாம். நாம் கறுப்பு என்றே நினைத்துக்கொண்டிருந்தோம்.

அந்த வானிலைக்கு முன்னால் இன்னமும் நம் பாட்டுத்தான். இருபது விநாடி. பாடிய நான்கு பேர் யாரென்று ஒருவருக்கும் தெரியாது. திரையில் பெயர் போட்டால்தானே? டூட்டி முடிந்து வந்து, அமெரிக்கக் கறுப்பர்களின் சோல், ஃபங்க் பாட்டு ரெக்கார்டுகளைத் தேயத் தேயக் கேட்டுப் பழகிய திருச்சிக்காரர்கள் என்றால் எவன் நம்புவான்?

ரெக்கார்டிங் அன்று கண்ணாடிக்கு அப்பாலிருந்து ரெக்கார்டிங் பார்க்கும் அந்த எகிப்துக்காரர், "ஃபி கலாம்?" என்றார். பாட்டுக்கு வார்த்தை உண்டா என்று கேட்டிருக்கிறார். நீ சைட்டில் ஃபோர்மேனுக்குச் சொல்கிற அதே ராகத்தில் "மாஃபீ!" என்று இழுத்தாய். இல்லை என்று பதில் சொன்னாய், அவ்வளவுதான். டேப் ஓடிக்கொண்டிருந்தது, பேஸ் கிதாரின் தாளத்தில் அது கச்சிதமாக உட்கார்ந்துகொண்டது. "கலாஸ், முடிந்தது! இதுதான் பாட்டு!" என்று மனுஷன் குதித்தார். மழை உண்டா? மாஃபீ. தோஹாவுக்கு வேறென்ன பாட்டு வேண்டும்!

பிறகு சல்வா ரோட்டில் லாரி மோதி நீ போனாய். உன்னைப் பெட்டியில் ஊருக்கு அனுப்பிவிட்டு வந்து உட்கார்ந்தால், சாயாக் கடை டிவியில் நீ "மாஃபீ, மாஃபீ" என்கிறாய். இல்லை, இல்லை என்று தினமும் ஏழு மணிக்கு நீயே சொன்னால் நான் என்ன செய்வேன்? காதைப் பொத்திக்கொண்டு தெருத் தெருவாக நடந்தேன்டா.

அந்த டேப் ஓடி ஓடி அறுந்து குப்பைக்குப் போனது. மறுபடி பாடச் சொன்னார்கள். உன் பாகத்தை நான் பாடினேன். உன் இழுப்பு, அந்த மூக்கு முனகல், எல்லாம் அப்படியே வந்துவிட்டது. எகிப்துக்காரர் கண்ணைத் துடைத்துக்கொண்டார். எனக்குக் குளிர் எடுத்தது.

அந்தச் சமயத்தில்தான் உன் சாரதா எழுதியது: "அண்ணா, அவங்க குரல் இருக்கிற கேசட் ஏதாவது இருந்தா அனுப்புங்க." எல்லோரும் கேசட்டில் பேசி ஊருக்கு அனுப்பினார்கள், நீ மட்டும், "போடா, பொண்டாட்டிகிட்ட மெஷின்லயா பேசுறது" என்று வெட்கப்பட்டாய். ஒன்றுமே இல்லை என்று எழுத எனக்குத் தைரியம் வரவில்லை. நான் பாடியதை உன்னுடையது என்று அனுப்பிவிட்டேன். மன்னிப்பாயா?

போன வாரம் அடுத்த கடிதம். குமாருக்கு மூன்று வயதாகிவிட்டதாம். டேப் ரெக்கார்டரைக் கட்டிக்கொண்டுதான் தூங்குகிறானாம். "அப்பா ஏம்மா பாடிக்கிட்டே இருக்காங்க, எங்கிட்டப் பேச மாட்டாங்களா?" என்று கேட்கிறானாம். "அவங்க பேசுன டேப் இருக்காண்ணா?" என்று முடித்திருக்கிறது.

நான் என்ன செய்தேன் தெரியுமா? வெள்ளிக்கிழமை மத்தியானம், ரூமில் யாரும் இல்லை. ரெக்கார்டரை அழுத்தி, "டேய் குமாரு, சாப்டியாடா?" என்றேன். போட்டுக் கேட்டேன். நீ, மணி. நீயேதான். பதில் சொல்ல என் வாய் திறந்துவிட்டது. உடனே அழித்தேன். அன்றிலிருந்து பேசும்போது பாதியில் நிறுத்தி, இது யார் குரல் என்று கவனிக்கிறேன்.

அடுத்த மாதம் எனக்கு லீவு. முதலில் சாரதாவிடம் உண்மையைச் சொல்வேன். திட்டினால் வாங்கிக்கொள்வேன். பிறகு குமாரை மடியில் உட்காரவைத்துப் பேசுவேன். குரலைக் கேட்டதும் அவன் என்னை அப்பா என்றுதான் கூப்பிடுவான், தெரிந்துதான் போகிறேன். அந்த 'அப்பா'வுக்கு ஒருதரம்கூட "என்னடா" என்று கேட்க மாட்டேன். உன்மேல் சத்தியம்.

உன் மகனுக்கு மாமாவாக மட்டுமே இருக்கப்போகும்,
கணேசன்